விசர் பிடித்த மனிதர்களைப் படம் பிடிப்பது: யாழ்ப்பாணத்திலிருந்து ஓர் ஆவணப்படக்காரியின் கேள்வி

கைவிளக்கு | ஜனவரி 18, இரவு 9.12

வணக்கம். இரண்டு கிழமையாக யோசித்துவிட்டுத்தான் இதை எழுதுகிறேன். கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நான் ஆவணப்படம் எடுப்பவள். ஊர் கோண்டாவில். கலியாண வீடியோ எடுத்துச் சம்பாதிக்கிறேன். மிச்ச நாட்களில், ஐந்து வருஷமாக, ஒரே வகை ஆட்களின் பின்னால்தான் திரிகிறேன். “அவருக்குப் பட்ட விசர்”, “இவருக்குக் கார் விசர்” என்று ஊரில் சொல்வோமே, அந்த ஆட்கள். மாட்டுவண்டிச் சவாரிக்கு மாடு வளர்ப்பவர்கள், புறா வளர்ப்பவர்கள், பழைய ஒலிபெருக்கி சேர்ப்பவர்கள். அதில் அவர்களுக்குக் காசு வருவதில்லை, போவதுதான். ஆனாலும் வருஷம் முழுக்க அதே நினைப்பு. அவர்களுக்குள் தனியாக ஒரு பேச்சு இருக்கிறது, யார் பெரியவர் என்ற கணக்கு இருக்கிறது, இருபது வருஷத்துக் கோபங்கள் இருக்கின்றன. அந்த வாசலுக்குள் போய் ஓரமாக இருந்து பார்ப்பது எனக்குப் பிடிக்கும்.

தொடங்கியது வல்வெட்டித்துறையில். தைப்பொங்கல் பட்டத் திருவிழாவுக்கு எல்லாரையும் போல நானும் கமராவோடு போனேன். கடற்கரை முழுக்கச் சனம், மேலே கப்பலும் விமானமும் பாம்புமாகப் பட்டங்கள். வடிவான காட்சிகள்தான். வீட்டுக்கு வந்து போட்டுப் பார்த்தால் ஒன்றும் மனதில் ஒட்டவில்லை. அடுத்த முறை பொங்கலுக்கு மூன்று மாதம் முன்பே போனேன். ஒரு விறாந்தையில் ஒருவர் மூங்கில் சீவிக்கொண்டிருந்தார். சீவிய குச்சியை நடுவில் பிடித்து ஒரு விரலின் மேல் வைப்பார். ஒரு பக்கம் சாயும். சாய்ந்த பக்கத்தில் இன்னும் ஒரு சீவல், தூசி அளவுக்கு. மறுபடியும் விரலில். பின்னேரம் முச்சை, அதாவது பட்டத்தைக் கயிற்றோடு இணைக்கும் நூல்கட்டு, கட்டத் தொடங்கினார். முடிச்சை நகக்கண் அளவு மேலே ஏற்றுவார், பட்டத்தைத் தூக்கிப் பிடிப்பார், தலையை ஆட்டிவிட்டு முடிச்சை இறக்குவார். நாற்பது நிமிடம். ஒரு வார்த்தை கதைக்கவில்லை. நானும் கமராவை நிறுத்தவில்லை. என்னுடைய படம் எது என்று எனக்கு அன்றைக்குத்தான் விளங்கியது.

சரி, இப்போது பிரச்சினை.

வெளிநாட்டு நிதி உதவி ஒன்றுக்கு வெட்டிய இருபது நிமிடத்தை அனுப்பினேன். மரியாதையான பதில். “யாழ்ப்பாணம் என்கிறீர்கள், படத்தில் யுத்தம் எங்கே?” என்று ஒரு கேள்வி மட்டும்.

அதே கிழமை, கொக்குவில் பக்கம் ஒஸ்டின் ஏ40 என்ற பழைய கார் வைத்திருக்கும் ஓர் ஐயாவைப் படம் எடுத்தேன். பொருளாதாரத் தடைக் காலத்தில் மண்ணெண்ணெயில் கார் ஓடிய கதையை அவர் சொன்னார். “ஐயா, ஒருக்கா அப்படி ஸ்டார்ட் பண்ணிக் காட்டுவீங்களோ?” என்று கேட்டேன். அவருக்குச் சந்தோசம். கார்பரேற்றருக்குள் சொட்டுப் பெற்றோல் விட்டார், கார் பிடித்துச் சூடானதும் மண்ணெண்ணெய்க்கு மாற்றினார். வெள்ளைப் புகை, அந்த மணம், எஞ்சின் தட்டும் சத்தம். அப்போது பக்கத்து வீட்டு அம்மா படலையைத் திறந்துகொண்டு ஒற்றைச் செருப்போடு வந்தார். காரைப் பார்த்தார். “ஐயா, வெளிக்கிடுறமோ?” என்று கேட்டார்.

யாழ்ப்பாணமே இடம்பெயர்ந்த 1995 ஒக்டோபர் 30 இரவு அந்தக் காரில்தான் இரண்டு வீட்டு ஆட்களும் நாவற்குழிப் பாலம் கடந்து தென்மராட்சிக்குப் போனார்களாம். இது எனக்குப் பிறகுதான் தெரியும். அந்த அம்மாவுக்கு வயது எண்பதுக்கு மேல். கமரா நிற்பதை அவர் காணவில்லை. பதினைந்து விநாடிக் காட்சி.

நிதிக்காரர்கள் கேட்டது என் கையில் இருக்கிறது. நான் தேடிப் போனது அதுவல்ல. போடலாமா, போடக்கூடாதா? நான் கேட்டு நடத்திய ஒன்றால்தானே அந்த அம்மா வெளியே வந்தார், அது உண்மைக் காட்சியா, நான் செய்வித்த காட்சியா? அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்.

---

வல்வைக்காற்று | ஜனவரி 18, இரவு 10.40

தங்கச்சி, முச்சை கட்டுவதை நாற்பது நிமிடம் எடுத்தேன் என்று எழுதியதைப் பார்த்ததும் பதில் போடாமல் இருக்க முடியவில்லை. நானும் அந்தக் கடற்கரைக்காரன்தான். பத்து வயதில் கொக்குப் பட்டத்தில் தொடங்கினேன்.

எங்களிடம் பொங்கலுக்கு முதல் நாள்தான் கமராக்கள் வரும். “இது எத்தனை அடி, எவ்வளவு செலவு, எந்த இடம் கிடைக்கும்?” இந்த மூன்று கேள்விகளோடு வந்து போய்விடுவார்கள். பட்டத்தில் கட்டிக் காற்றில் கூவவிடும் விண்ணை எப்படிக் கட்டுவது என்று ஒருவரும் கேட்டதில்லை. பட்டத்துக்கு உயிர் கொடுப்பதே விண்தான். முன்பு பனை நாரைச் சீவி வில்லில் இழுத்துக் கட்டினோம், இப்போது பொதி கட்டும் பிளாஸ்டிக் நாடா. நாடாவின் இரண்டு ஓரமும் சமமாக இருக்க வேண்டும், இல்லையென்றால் கூவாது, படபடவென்று அடிக்கும். இரவில் பட்டத்தை மரத்தில் கட்டிவிட்டுப் படுத்தால் விண் சத்தத்தை வைத்தே காற்று விழுகிறதா ஏறுகிறதா என்று சொல்லலாம். நித்திரையில் இருந்தாலும் சத்தம் குறைந்தால் எழும்பிவிடுவேன். வீட்டில் பிள்ளை அழுதால் தாய் எழும்புவது போல.

இன்னொன்றும் யாரும் எடுப்பதில்லை. எங்கள் ஊர் கப்பல் கட்டிய ஊர். அன்னபூரணி இங்கே கட்டிய பாய்க்கப்பல்தான். 1938இல் எங்கள் ஊர்க் கடலோடிகள் அதை அமெரிக்காவின் குளோஸ்ரர் துறைமுகம் வரை கொண்டுபோனார்கள். பாய்க்கு எங்கே காற்றுப் பிடிக்கும், எந்தக் கயிறு எவ்வளவு இழுக்கும் என்று பார்த்த கண்கள் அவை. பட்டத்தில் அந்தக் கண் இன்னும் இருக்கிறது என்றுதான் நான் நம்புகிறேன்.

யுத்தத்தைப் பற்றி: வானத்தில் பட்டம் ஏற்ற முடியாத வருஷங்களை நாங்களும் பார்த்தோம். படம் எடுப்பவர் கேட்டால் சொல்வோம். ஆனால் முச்சையைப் பற்றிக் கேட்டுவிட்டுப் பிறகு கேளுங்கள்.

---

பனங்காய் | ஜனவரி 18, இரவு 11.25

அக்கா, நான் யூடியூப் சனல் செய்கிறேன். எனக்கு உண்மையாகவே ஒரு சந்தேகம். 2021 டிசம்பரில் பருத்தித்துறைப் பக்கம் ஒருவர் பட்டக் கயிற்றோடு மேலே போன வீடியோ நினைவிருக்கும். மற்றவர்கள் கயிற்றை விட்டுவிட்டார்கள், அவர் மட்டும் பிடித்துக்கொண்டு தொங்கினார். ஒரு நிமிடம் கூட இல்லாத அந்த வீடியோவை உலகமே பார்த்தது. வெளிநாட்டுத் தொலைக்காட்சிகள் எல்லாம் போட்டன. அதற்குப் பிறகுதான் எங்கள் பட்டங்களைப் பற்றி வெளியில் பலருக்குத் தெரியும். அப்படி இருக்க ஐந்து வருஷம் எதற்கு? சின்னச் சின்ன வீடியோவாகப் போட்டிருந்தால் இந்த மனிதர்களை இதற்குள் எத்தனையோ பேர் பார்த்திருப்பார்களே.

---

கைவிளக்கு | ஜனவரி 19, காலை 6.50

பனங்காய் தம்பி, நல்ல கேள்வி. அந்த வீடியோவைப் பார்த்தவர்களுக்கு ஒரு மனிதர் தொங்கியது தெரியும். அந்தப் பட்டத்தைக் கட்டியவர்கள் யார், ஏன் அத்தனை பேர் சேர்ந்து ஒரு கயிற்றைப் பிடித்தார்கள், இழுவை எப்படி அவ்வளவு கூடியது என்று தெரியுமா? எனக்கு அதுதான் வேண்டும்.

ஐந்து வருஷம் ஏன் என்றால், வல்வெட்டித்துறையில் ஒவ்வொரு குழுவும் இந்த வருஷம் என்ன பட்டம் என்று பக்கத்து வீட்டுக்கும் சொல்லாது. பொங்கலன்று கடற்கரைக்கு வரும்வரை சாக்கு மூடித்தான் இருக்கும். முதல் வருஷம் என்னை முற்றத்தோடு நிறுத்திவிட்டார்கள். இரண்டாம் வருஷம் விறாந்தை. மூன்றாம் வருஷம்தான் பின் அறைக்குள் விட்டார்கள், அதுவும் போட்டிக்கு நிற்கும் இரண்டு வீடுகளிலும். ஒரு வீட்டில் பார்த்ததை மற்ற வீட்டில் வாய் தவறியும் சொல்லவில்லை. “அங்க என்ன நடக்குது பிள்ளை?” என்று தேத்தண்ணி தந்து கேட்பார்கள், சிரித்துக்கொண்டு இருந்துவிடுவேன். அப்படி இருந்ததால்தான் நாலாம் வருஷம் எனக்கு அந்த அறையில் ஒரு கதிரை கிடைத்தது. ஒரு நாளில் போய் எடுத்துக்கொண்டு வர முடியாத இடம் அது.

வல்வைக்காற்று அண்ணா, விண் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். கடற்கரைக் காற்றில் மைக் வைத்தால் காற்று மட்டும்தான் பதியும், மயிர் உறை போட்டாலும் அப்படித்தான். ஒரு நாள் பூவரசில் கட்டியிருந்த நைலோன் கயிற்றில் காதை வைத்துப் பார்த்தேன். விண் கயிறு வழியாகவே கீழே வருகிறது! கித்தாருக்கு ஒட்டும் சின்ன மைக் ஒன்றை வாங்கிக் கயிற்றில் கட்டினேன். கேட்டுப் பாருங்கள் அண்ணா, வானம் உறுமுவது போல இருக்கிறது. உங்களுக்கும் பனங்காய் தம்பிக்கும் அனுப்புகிறேன்.

---

ஏ40காரன் | ஜனவரி 19, காலை 10.05

பிள்ளை, நான் நீர் சொல்லும் ஐயா இல்லை. ஆனால் என்னிடமும் ஓர் ஏ40 சொமர்செட் நிற்கிறது, நாற்பது வருஷம் கராஜ் வைத்திருந்தவன். அந்த மண்ணெண்ணெய்க் காட்சியைப் பற்றி எனக்கு அபிப்பிராயம் உண்டு.

இளம் ஆட்களுக்காக விளக்கமாகச் சொல்கிறேன். 1990இல் தடை வந்த பிறகு பெற்றோல் போத்தல் கணக்கில்தான் கிடைத்தது, கிடைத்தாலும் விலை கேட்க முடியாது. மண்ணெண்ணெய் குளிர்ந்த எஞ்சினில் ஆவியாகாது. அதனால்தான் முதலில் சொட்டுப் பெற்றோல். எஞ்சின் நன்றாகச் சூடேறிய பிறகு மண்ணெண்ணெய்க்குக் குழாயை மாற்ற வேண்டும். அவசரப்பட்டால் இருமி இருமி நின்றுவிடும். இந்தப் பழைய எஞ்சின்களின் அமுக்க விகிதம் ஏழு சொச்சம்தான், அதனால் தாங்கின. இப்போதைய காருக்குள் ஊற்றினால் அன்றைக்கே கதை முடிந்துவிடும். தாங்கியதென்றாலும் சும்மா இல்லை. எரியாத மண்ணெண்ணெய் சிலிண்டர் வழியாக இறங்கி எஞ்சின் ஒயிலோடு கலக்கும், ஒயில் தண்ணியாகும், பேரிங் தேயும். ஸ்பார்க் பிளக் கரி பிடிக்கும். பிளக்கைக் கழற்றி மண்ணில் தேய்த்துத் துடைத்துப் போட்டு ஓடிய நாட்கள் எத்தனையோ. அந்தக் கார்கள் ஓடியது எங்கள் ஊர் மெக்கானிக்மாரின் கைக்கெட்டித்தனம்.

அதனால் நீர் அந்த ஐயாவை ஸ்டார்ட் பண்ணிக் காட்டச் சொன்னது பிழை என்று நான் சொல்லமாட்டேன். தாளம் தெரிந்தவனைத் தவில் வாசித்துக் காட்டச் சொல்வது பிழையா? அது அவருடைய வித்தை. அந்த வித்தை அவரோடு போகாமல் படத்தில் இருக்க வேண்டும். எந்தச் சூட்டில் மாற்றினார், கையை எங்கே வைத்துப் பார்த்தார் என்று கிட்டத்தில் எடுத்தீரா? எடுக்காவிட்டால் மறுபடி போய் எடும். பிறகு ஒயிலை மாற்றச் சொல்லும், அதை மறக்க வேண்டாம்.

ஆனால் அந்த அம்மாவின் காட்சி வேறு. அவரை நீர் ஒன்றும் கேட்கவில்லை.

---

நிழற்பாடம் | ஜனவரி 19, பிற்பகல் 2.30

நான் மாணவர்களுக்குத் திரைப்படம் கற்பிப்பவன். ஏ40காரன் ஐயா ஒரு வரியில் சொன்னதைத்தான் எங்கள் துறை நூறு வருஷமாகக் கதைத்துக்கொண்டிருக்கிறது.

ஆவணப்பட வரலாறு என்றால் எல்லாரும் 1922இல் வெளிவந்த நானூக் படத்திலிருந்துதான் தொடங்குவார்கள். கனடாவின் வடக்கில் இன்யூட் மக்களோடு இருந்து ரொபர்ட் ஃப்ளாஹெர்ட்டி எடுத்தது. பனிவீட்டுக்குள் கமராவுக்கு வெளிச்சம் போதவில்லை, அதனால் ஒரு பக்கம் திறந்த பாதி வீடு கட்டி, அதற்குள் குடும்பம் நித்திரையால் எழும்புவதை எடுத்தார். அந்த மக்கள் அப்போது துவக்கால் வேட்டையாடினார்கள். படத்துக்காகப் பழைய முறையில் ஈட்டியால் வேட்டையாடச் சொன்னார். இதில் இரண்டு விதமான செயல் இருக்கிறது. பழைய வேட்டையை அவர்கள் அறிந்திருந்தார்கள், செய்து காட்டினார்கள். அது உங்கள் ஐயாவின் மண்ணெண்ணெய் போல. ஆனால் அதே படத்தில், கிராமபோனை முதன்முதலாகக் காண்பவர் போல நானூக் இசைத்தட்டைக் கடித்துப் பார்க்கிறார். கிராமபோன் அவருக்குத் தெரிந்த பொருள். அங்கே அந்த மனிதரைத் தெரியாதவராக ஆக்கினார்கள். எனக்கு இரண்டாவதுதான் உறுத்துகிறது.

நிதி விஷயத்துக்கும் பழைய உதாரணம் எங்கள் தீவிலேயே இருக்கிறது. 1934இல் பசில் றைட் எடுத்த ‘சோங் ஒஃப் சிலோன்’ உலக ஆவணப்பட வரலாற்றில் பெரிய பெயர். பணம் தேயிலைப் பிரசாரச் சபையுடையது. படத்தில் பின்னணிக் குரலாக லயனல் வென்ட் வாசிப்பது 1681இல் வெளிவந்த றொபர்ட் நொக்ஸின் புத்தகத்தை. காட்சிகள் அவ்வளவு வடிவு, நான் எத்தனையோ தரம் பார்த்திருக்கிறேன். ஆனால் திரையில் இருக்கும் மனிதர்கள் தங்களைப் பற்றி ஒன்றும் சொல்வதில்லை, இருநூற்றைம்பது வருஷத்துக்கு முந்திய வெள்ளைக்காரர் சொல்கிறார். பணம் கொடுப்பவரின் கேள்வி நல்ல படத்துக்குள்ளும் எங்கேயாவது வந்து இருந்துகொள்ளும்.

உங்களுக்கு உதவக்கூடியது ஜோன் றூஷும் எட்கார் மோறனும் பாரிசில் செய்தது. 1961இல் வெளிவந்த தங்கள் படத்தில் கதைத்த ஆட்களையே கூட்டி இருத்தி, எடுத்ததைப் போட்டுக் காட்டினார்கள். அவர்கள் அதைப் பற்றிச் சண்டை பிடித்ததையும் படத்திலேயே சேர்த்தார்கள். அந்த அம்மாவிடம் மடிக்கணினியைக் கொண்டுபோய்க் காட்டுங்கள். எங்கள் பதில்களை வைத்து நீங்கள் முடிவெடுக்க வேண்டாம், அவரல்லவா சொல்ல வேண்டும்?

---

நாம்பன் | ஜனவரி 19, இரவு 8.15

எல்லாரும் பட்டத்தையும் காரையும் கதைக்கிறீர்கள். நான் சவாரிக்காரன். எங்களைப் பற்றியும் ஒரு வார்த்தை.

சிரித்திரன் இதழ் நடத்திய சுந்தர் ‘சவாரித் தம்பர்’ என்று கேலிச்சித்திரம் வரைந்த காலத்தில் சவாரி என்றால் ஊரே சிரித்த முகத்தோடு பார்க்கும். இப்போது கமராவோடு வருபவர்கள் ஒன்றைத்தான் தேடி வருகிறார்கள். மூன்று வருஷம் முன்பு ஒரு குழு வந்தது. பெயர் சொல்லமாட்டேன். இரண்டு நாள் என் வளவிலேயே சாப்பிட்டார்கள். மாட்டுக்கு நான் தீனி வைப்பது, குளிப்பாட்டுவது, காலையில் மணலில் நடத்துவது எல்லாம் எடுத்தார்கள். வெளிவந்த படத்தில் தடி ஓங்குவது மட்டும் இருந்தது, மெதுவாக ஓடவிட்டு, சோக இசையோடு. என் மகள் பள்ளிக்கூடத்தில் அழுதுகொண்டு வந்தாள்.

தடி இல்லை என்று நான் பொய் சொல்லவில்லை. வாலை முறுக்குகிறவர்களும் ஆணித் தடி கொண்டு வருகிறவர்களும் இருக்கிறார்கள், அதை நிறுத்த வேண்டும் என்று நானே திடலில் சண்டை பிடித்திருக்கிறேன். ஆனால் வண்டியில் இடப்பக்கம் பூட்டும் என் மாடு இடத்தனுக்குக் கண் நோய் வந்தபோது பதினொரு இரவு தொழுவத்தில் படுத்தவனும் நான்தான். அதையும் அந்தக் குழு எடுத்தது. போடவில்லை.

தங்கச்சி, நீங்கள் சவாரி ஆட்களையும் எடுத்திருக்கிறீர்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். எதைப் போடப்போகிறீர்கள்?

---

கைவிளக்கு | ஜனவரி 19, இரவு 9.55

நாம்பன் அண்ணா, நேராகச் சொல்கிறேன். தடியைப் போடுவேன். அடிக்கும் காட்சி என்னிடம் இருக்கிறது, அதை ஒளித்தால் நான் எடுக்கும் மற்ற எதையும் பார்ப்பவர் நம்பமாட்டார். ஆனால் மெதுவாக ஓடவிடமாட்டேன், இசையும் இராது. ஓட்டம் முடிய எவ்வளவு நேரமோ அவ்வளவு நேரம் அப்படியே இருக்கும். அதற்கு முன்னும் பின்னும் தொழுவம் இருக்கும். அராலிப் பக்கம் ஒரு வீட்டில், ஓட்டத்தில் தோற்று வந்த அன்றிரவு ஒருவர் பனையோலையைக் கிழித்துக் கிழித்து மாட்டுக்கு ஊட்டுவதை எடுத்திருக்கிறேன். மாடு தலையைத் திருப்பிக்கொண்டது. அவர் ஓலையைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். இரண்டும் ஒரே மனிதர்தான், தடி ஓங்கியவரும் ஓலை வைத்திருந்தவரும்.

அந்த மனிதருக்கு முதலில் காட்டிவிட்டுத்தான் வெளியே விடுவேன். உங்கள் மகளுக்கு நடந்தது வேறொரு பிள்ளைக்கு என்னால் நடக்கக்கூடாது.

---

ஸ்காபரோத் தம்பி | ஜனவரி 20, காலை 7.40

கனடாவிலிருந்து எழுதுகிறேன். இங்கே ஊரைப் பற்றி எந்தப் படம் திரையிட்டாலும் நாங்கள் போவோம். போய் அழுதுவிட்டு வருவோம். அது தேவைதான், நடந்ததை யாராவது சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும். அதை எடுப்பவர்களை நான் குறைவாகச் சொல்லமாட்டேன்.

ஆனால் என் அப்பா 1992இல் சைக்கிளைக் கவிழ்த்து வைத்து, பெடலைக் கையால் சுற்றி, டைனமோவில் றேடியோ கேட்ட கதையை இங்கே பிறந்த என் பிள்ளைகளுக்குச் சொன்னபோது அவர்கள் கேட்டது, “எத்தனை வோல்ட், தாத்தா? வேகம் கூடினால் றேடியோ எரியாதா?” அப்பாவின் முகம் மலர்ந்துவிட்டது. வேகம் மாறாமல் சுற்றுவதற்கு ஆள் மாறி ஆள் இருந்தது, எந்த வயரை எங்கே கொடுத்தார்கள் என்று ஒரு மணித்தியாலம் கதைத்தார். யுத்தத்தைப் பற்றி அவர் அவ்வளவு நேரம் கதைத்து நான் கேட்டதே இல்லை. கதைத்தது டைனமோவைப் பற்றி, ஆனால் எல்லாம் அதற்குள் வந்தது.

அக்கா, அந்த நிதி கிடைக்காவிட்டால் இங்கே நாலு பேரிடம் கேட்டுப் பார்க்கலாம். உள்பெட்டியில் எழுதுங்கள்.

---

கத்தரிக்கோல் | ஜனவரி 20, மாலை 5.20

படத்தொகுப்பாளர் என்ற முறையில் இரண்டு விஷயம்.

ஒன்று, மணத்தைத் திரையில் காட்ட முடியாது. அந்த அம்மாவை வெளியே கொண்டுவந்தது மணமும் சத்தமும். பெற்றோலில் ஓடும்போது எஞ்சின் சத்தமும் மண்ணெண்ணெய்க்கு மாறிய பிறகு தட்டும் சத்தமும் வேறு வேறாக இருக்கும், அந்த மாற்றத்தை வெட்டாமல் முழுதாக விடுங்கள். பார்ப்பவருக்கு அந்தச் சத்தம் பழகிய பிறகு அம்மாவின் குரல் வந்தால், முகம் தேவையே இல்லாமல் போகலாம். இது என் ஊகம், வெட்டிப் பார்த்தால்தான் தெரியும்.

இரண்டு, நூற்றுக்கணக்கான மணி நேரக் காட்சியை எங்கே வைத்திருக்கிறீர்கள்? ஒரே ஹார்ட் டிஸ்க் என்றால் இன்றைக்கே இன்னும் இரண்டு வாங்குங்கள், ஒன்று வேறு வீட்டில் இருக்கட்டும். கடற்காற்றும் உப்பும் பொல்லாதவை. 1981இல் யாழ் பொது நூலகத்தோடு 97,000க்கு மேற்பட்ட நூல்கள் எரிந்தன. அவற்றில் வேறு எங்கும் பிரதி இல்லாத ஏடுகளும் இருந்தன. படத்தில் வருவது தொண்ணூறு நிமிடம். மிச்சம் முச்சையும் விண்ணும் கார்பரேற்றரும் படத்தில் வராமல் டிஸ்க்கில் கிடக்கும். 2005இலிருந்து நூலகம் நிறுவனம் எண்ணிம ஆவணமாக்கல் செய்கிறது, வாய்மொழி வரலாறும் பதிவு செய்கிறது. படத்தில் இருப்பவர்களிடம் சம்மதம் வாங்கி, வெட்டாத காட்சிகளை அங்கே கொடுக்கலாமா என்று கேளுங்கள். இன்னும் ஐம்பது வருஷத்தில் ஒரு பிள்ளை முச்சை கட்டப் பழக வேண்டுமென்றால் உங்கள் படத்தைவிட அந்த வெட்டாத நாற்பது நிமிடம்தான் உதவும்.

---

பனங்காய் | ஜனவரி 20, இரவு 10.02

அக்கா, கயிற்றில் மைக் கட்டிய ஒலி கிடைத்தது. ஹெட்போனில் மூன்று தரம் கேட்டேன். நான் கேட்ட கேள்விக்குப் பதில் கிடைத்துவிட்டது. அடுத்த முறை போகும்போது கமரா தூக்க ஆள் வேண்டுமென்றால் சொல்லுங்கள், காசு வேண்டாம்.

---

கைவிளக்கு | ஜனவரி 24, இரவு 8.30

எல்லாருக்கும் நன்றி. நேற்றுப் பின்னேரம் போனேன். நடந்ததைச் சொல்கிறேன்.

முதலில் ஐயா வீடு. ஏ40காரன் ஐயா சொன்னபடி மறுபடி எடுத்தேன். இந்த முறை கையை மட்டும். றேடியேற்றர் மூடியில் உள்ளங்கையை வைத்துப் பார்க்கிறார், எடுக்கிறார், மறுபடி வைக்கிறார். “இப்ப” என்று சொல்லிக் குழாயைத் திருப்புகிறார். எந்தச் சூடு என்று கேட்டேன். “கை பொறுக்காத சூடு வரமுந்தின சூடு” என்றார். அதற்கு மேல் விளக்கம் கிடைக்கவில்லை, அவருக்குத் தேவையும் இல்லை. எஞ்சின் ஒயிலை நானே வாங்கிக் கொடுத்தேன்.

இந்த முறை மண்ணெண்ணெய்க்கு மாற்றுவதற்கு முன் ஐயா பக்கத்து வீட்டுக்குப் போய், “ஒண்டுமில்லையக்கா, சும்மா காட்டுறதுக்கு” என்று சொல்லிவிட்டு வந்தார். முதல் முறை அதை நான் யோசித்திருக்க வேண்டும். அந்த மணம் அந்த ஒழுங்கையில் யாருக்கு என்ன என்று தெரியாமல் புகையைக் கிளப்பினேன். அந்தப் பிழை என்னுடையது.

பிறகு அம்மாவிடம் போனேன். விறாந்தையில் இருத்தி மடிக்கணினியில் அந்தப் பதினைந்து விநாடியைக் காட்டினேன். மகளும் பக்கத்தில் இருந்தார். அம்மா ஒன்றும் சொல்லவில்லை. “இன்னொருக்காப் போடு பிள்ளை” என்றார். போட்டேன். இரண்டாம் முறை அவர் தன்னைப் பார்க்கவில்லை, பின்னால் தெரிந்த படலையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பழைய தகரப் படலை அந்த இரவு பூட்டாமல் விட்டுப் போனது, திரும்பி வந்தபோது இல்லை, இது பிறகு போட்டது என்று சொன்னார். பிறகு பூட்டைப் பற்றிக் கொஞ்ச நேரம் கதைத்தார். எந்தக் கடையில் வாங்கியது, திறப்பு எத்தனை வருஷம் அவரிடம் இருந்தது என்று.

கடைசியில் நான் கேட்டேன். “முகத்தைப் போடாதை” என்றார். “ஒற்றைச் செருப்போட நிக்கிறன், சனம் பாக்கும். குரல் இருக்கட்டும்.” மகளும் சரி என்றார். எழுதி ஒப்பம் வாங்கினேன்.

கத்தரிக்கோல் சொன்னது போல நேற்றிரவே வெட்டிப் பார்த்தேன். திரையில் குழாயில் இருக்கும் ஐயாவின் கை, அவ்வளவுதான். எஞ்சின் தட்டுகிறது. குரல் வருகிறது. கை அப்படியே நிற்கிறது. எடுக்கும்போது அந்தக் கை நின்றதை நான் கவனிக்கவே இல்லை.

நிதிக்காரர்களுக்கும் எழுதிவிட்டேன். படத்தில் யுத்தம் எங்கே எவ்வளவு இருக்கிறதோ அங்கே அவ்வளவுதான் இருக்கும், கூட்டமாட்டேன், குறைக்கவும் மாட்டேன், முச்சை கட்டும் காட்சி முழுதாக இருக்கும் என்று. பதில் இன்னும் வரவில்லை. ஸ்காபரோத் தம்பி, உங்களுக்கும் உள்பெட்டியில் எழுதியிருக்கிறேன்.

நாம்பன் அண்ணா, அராலிக்காரரும் பார்த்துவிட்டார். தடிக் காட்சியில் தலையைக் குனிந்துகொண்டார், எடுக்கச் சொல்லவில்லை. மாடு தலையைத் திருப்பும் இடத்தில் மட்டும் “அவனுக்கு அண்டைக்கு என்னோட கோவம்” என்றார்.

வரும் மாதம், இப்போது இருக்கும் வெட்டை எல்லாருக்கும் ஒன்றாகப் போட்டுக் காட்ட நினைக்கிறேன். பட்டக்காரர், கார்க்காரர், சவாரிக்காரர், புறாக்காரர், அவர்கள் வீட்டு ஆட்கள். மண்டபம் வேண்டாம். வல்வெட்டித்துறையில் அந்தப் பட்ட வீட்டு முற்றத்தில், ஒரு வெள்ளைத் துணி, ஒரு புரொஜெக்டர். பாய் கொண்டு வாருங்கள், கதிரை குறைவு.

---

நாம்பன் | ஜனவரி 24, இரவு 9.05

மகளையும் கூட்டிக்கொண்டு வருகிறேன்.

---

ஏ40காரன் | ஜனவரி 24, இரவு 9.48

நானும் வருவேன், காரில்தான். பெற்றோலில். அந்த ஐயாவையும் பக்கத்து வீட்டு அம்மாவையும் ஏற்றிக்கொண்டு வருகிறேன் என்று அவரிடம் சொல்லும். பின் இருக்கை தாராளம்.

---

வல்வைக்காற்று | ஜனவரி 24, இரவு 10.30

தங்கச்சி, ட்ரோன் ஏற்றும் எண்ணம் இருந்தால் சிவில் விமான அதிகாரசபையின் அனுமதியை இப்போதே பாருங்கள், பலாலி விமான நிலையம் கிட்ட.

வெள்ளைத் துணி நான் கட்டித் தருகிறேன், நீங்கள் கட்ட வேண்டாம். அந்த முற்றம் கடலைப் பார்த்தது. வாடைக்காற்று இன்னும் விழவில்லை. நாலு மூலையில் கட்டினால் துணி கப்பல் பாயாகிவிடும், தூணைப் பிடுங்கிக்கொண்டு போகும். நடுவில் காற்றுப் போக மூன்று கீறல் விட்டு, எட்டு இடத்தில் முடிச்சுப் போட வேண்டும். துணியின் நீள அகலத்தை அனுப்புங்கள்.